கொற்கைச் சிப்பியும் அரியலூர்ச் சிப்பியும்

கொற்கை, உமரிக்காடு, முக்காணி பக்கம் கிணற்றுக்கோ அஸ்திவாரத்துக்கோ குழி தோண்டினால் வண்டலுக்குக் கீழே சிப்பியும் சங்கும் கிடைப்பது ஊர்க்காரர்களுக்குப் புதிதில்லை. கடல் இன்றைக்கு ஐந்தாறு கிலோமீட்டர் கிழக்கே தள்ளி இருக்கிறது. இவ்வளவு தூரத்தில் சிப்பி எப்படி வந்தது, இது டைனோசர் காலத்துக் கடலா என்ற கேள்வி யாருக்கும் எழும். டைனோசர் காலத்துக் கடல் தமிழ்நாட்டில் இருந்தது, அதன் தரையும் சிப்பியும் இன்றும் கண்முன் கிடக்கின்றன. ஆனால் அவை இருப்பது கொற்கையிலிருந்து சுமார் 300 கிலோமீட்டர் வடக்கே, அரியலூர், பெரம்பலூர் பக்கம். கொற்கைச் சிப்பியின் கதை வேறு.

அந்தக் கதையை முதலில் முடித்துவிடலாம். 20,000 ஆண்டுகளுக்கு முன், பனியுகத்தின் உச்சத்தில், உலகக் கடல்களின் நீரில் ஒரு பகுதி பனிக்கட்டியாக நிலத்தில் உறைந்து கிடந்தது. கடல் மட்டம் இன்றைவிட நூறு மீட்டருக்கும் மேல் தாழ்ந்திருந்தது. பனி உருகி, நீர் ஏறி, ஏறத்தாழ 6,000 ஆண்டுகளுக்கு முன் கடல் இன்றைய அளவை எட்டியது. அப்போது தாமிரபரணியின் கழிமுகம் இப்போதைய இடத்தில் இல்லை, உள்ளே இருந்தது. பிறகு ஆறு ஆண்டுதோறும் கொண்டுவந்து கொட்டிய வண்டல் கரையைக் கிழக்கே தள்ளிக்கொண்டே போனது. கொற்கை துறைமுகமாக இருந்து உள்நாட்டு ஊரானதும், பின்னால் பழையகாயல் தலையெடுத்து அதுவும் தூர்ந்ததும் இந்த வண்டலால்தான். கால்டுவெல் பாதிரியார் கொற்கையிலும் காயலிலும் தோண்டிப் பார்த்து 1877இல் கட்டுரை எழுதினார். தமிழ்நாடு தொல்லியல் துறை 1968-69இல் அகழ்ந்தபோது கிடைத்த ஒரு கரித்துண்டின் காலம் கி.மு. 785ஐ ஒட்டியது என்று கணித்தார்கள். தமிழகத் தொல்லியலில் அது பெரிய வயது. நிலவியலுக்கோ அது நேற்று.

எவ்வளவு நேற்று என்று பார்க்க, ஓர் ஆண்டை ஒரு மில்லிமீட்டர் என்று வைத்துக்கொண்டு கொற்கையிலிருந்து வடக்கே நடப்போம். இரண்டு எட்டு வைப்பதற்குள் கிரேக்கப் புவியியலாளர் தாலமி ‘கொல்கை’ என்று இந்தத் துறைமுகத்தைக் குறித்த காலம் வந்துவிடும். மூன்று மீட்டருக்குள் அந்தக் கரித்துண்டு. கடல் இன்றைய மட்டத்துக்கு ஏறிவந்தது ஆறாவது மீட்டரில். கடைசி டைனோசர்களைப் பார்க்க வேண்டுமென்றால் கோவில்பட்டியைத் தாண்ட வேண்டும், 66 கிலோமீட்டர். பெரம்பலூர் மாவட்டம் காரையின் களிமண்ணில் கிடக்கும் அம்மோனைட் என்னும் சுருண்ட ஓட்டுக் கடலுயிர்களின் காலம் அருப்புக்கோட்டையில் இருக்கிறது, 100 கிலோமீட்டர்.

அப்படியானால் டைனோசர் காலத்தில் நெல்லைச் சீமையில் என்ன இருந்தது? நிலம் இருந்தது, மழை பெய்தது, ஆறு ஓடியது, விலங்குகளும் திரிந்திருக்கும். ஆனால் அவை எதுவும் எழுதிவைக்கப்படவில்லை. புதைபடிவம் உண்டாக ஒரு நிபந்தனை இருக்கிறது: செத்த உயிர் அழுகிச் சிதறுமுன் சேறோ மணலோ அதை மூட வேண்டும். அதற்கு மேல் இன்னும் சேறு, அதற்கு மேல் இன்னும் என்று படிந்துகொண்டே போக வேண்டும். தாழ்ந்துகொண்டிருக்கும் நிலத்தில்தான் அது நடக்கும். மேடான நிலத்தில் படிவதே இல்லை, அரிப்புதான். பொதிகை மலையும் அதன் அடிவாரமும் மேட்டு நிலம். இங்குள்ள பாறைகள் சார்னோகைட், நைஸ் வகையைச் சேர்ந்தவை. பூமியின் ஆழத்தில் பெரும் வெப்பத்திலும் அழுத்தத்திலும் 50 கோடி ஆண்டுகளுக்கு முன்பே வெந்து இறுகியவை. அவற்றின் மேல் எத்தனை கிலோமீட்டர் பாறை இருந்ததோ அவ்வளவும் தேய்ந்து கடலுக்குப் போய்விட்டதால்தான் அவை இன்று வெளியே தெரிகின்றன. அந்தப் பழம்பாறைக்கு மேலே நேரடியாகத் தேரி மணலும் ஆற்று வண்டலும் கிடக்கின்றன. நடுவில் டைனோசர் காலம் முழுக்கக் காணோம். கூடங்குளம், பனம்பாறை பக்கத்துக் கடலோரச் சிப்பிக்கற்கள் டைனோசர்கள் மறைந்து வெகுகாலம் கழித்து உண்டானவை.

தாழையூத்தைப் பார்த்தவர்கள் இங்கே ஒரு சந்தேகம் கேட்கலாம். 1949இல் இந்தியா சிமெண்ட்ஸ் தன் முதல் ஆலையைத் தொடங்கியது சங்கர் நகரில், சுண்ணாம்புக்கல்லை நம்பித்தானே? அரியலூரிலும் சிமெண்ட் ஆலைகள் வந்தது சுண்ணாம்புக்கல்லால்தானே? ஆலைக்கு இரண்டும் ஒன்றுதான், சூளையில் இரண்டும் ஒரே வேலையைச் செய்யும். நிலவியலில் இரண்டுக்கும் உறவே இல்லை. தாழையூத்துக் கல் படிகச் சுண்ணாம்புக்கல். எப்போதோ கடலடியில் படிந்த சுண்ணாம்பு, பிறகு ஆழத்தில் வெந்து, சர்க்கரைக் கட்டியின் பளபளப்போடு படிகமாக மாறிவிட்டது. ஓடுள்ள உயிர்கள் உலகில் பெருகுவதற்கு முந்தைய காலத்தது அது. அதில் சிப்பி தேடிப் பயனில்லை. அரியலூர்க் கல்லோ வேகாத கல். அதை உடைத்தால் சிப்பி சிப்பியாகவே வருகிறது. கல்லங்குறிச்சிச் சுரங்கங்களில் சில அடுக்குகள் முழுக்க முழுக்கச் சிப்பிதான். கிரைஃபியா என்னும் தடித்த ஓட்டுச் சிப்பி, உள்ளங்கையைவிடப் பெரிதாக வளர்ந்த இனோசெராமஸ் என்று குவிந்து கிடக்கும். வீடு கட்டப் பூசும் சிமெண்டில் ஏழு கோடி ஆண்டுக்கு முந்தைய சிப்பி இருக்கிறது என்றால் அது மிகையில்லை.

நெல்லை எக்ஸ்பிரஸில் சென்னை போகிறவர்கள் இந்தப் பாறைகளின் மேலேதான் போகிறார்கள், பெரும்பாலும் தூங்கிக்கொண்டே. திருச்சி தாண்டி லால்குடி, கல்லக்குடி பழங்காநத்தம், அரியலூர், செந்துறை என்று ரயில் போகும். 1953இல் டால்மியாபுரம் என்ற பெயரை மாற்றச் சொல்லி மு. கருணாநிதி தண்டவாளத்தில் தலை வைத்துப் படுத்த அதே கல்லக்குடி. டால்மியா அங்கே ஆலை வைத்தது சுண்ணாம்புக்கல்லுக்காக. அந்தக் கல் பவளமும் கடற்பாசியும் வளர்ந்த ஆழமில்லாத கடலில் சுமார் 11 கோடி ஆண்டுகளுக்கு முன் உருவானது. தமிழ்நாட்டு அரசியல் வரலாற்றில் ஒரு பவளத்திட்டு மறைமுகமாகப் புகுந்தது இப்படித்தான். இங்குள்ள அடுக்குகள் கிழக்கு நோக்கி லேசாகச் சாய்ந்திருக்கின்றன. அதனால் மேற்கே பழைய அடுக்கும் கிழக்கே போகப் போக இளைய அடுக்கும் தரைக்கு வருகின்றன. கல்லக்குடியில் 11 கோடி, அரியலூரில் ஏழு கோடி, செந்துறைப் பக்கம் டைனோசர் காலத்தின் முடிவு. முக்கால் மணி நேர ரயில் பயணத்துக்குள் நாலரைக் கோடி ஆண்டு.

ஏன் அங்கே மட்டும் கடல்? இந்தியா, இலங்கை, அண்டார்டிகா, ஆஸ்திரேலியா, ஆப்பிரிக்கா எல்லாம் கோண்டுவானா என்ற ஒரே நிலமாக இருந்தவை. 13 கோடி ஆண்டுகளுக்கு முன் வாக்கில் நம் கிழக்குக் கரையிலிருந்து அண்டார்டிகா பிரியத் தொடங்கியது. பிரிகிற இடத்தில் நிலம் இழுபட்டு மெலிந்து, துண்டு துண்டாக உடைந்து தாழும். அப்படித் தாழ்ந்த பள்ளங்களின் தொகுதியைத்தான் காவிரிப் படுகை என்கிறார்கள். முதலில் அதில் நன்னீர் தேங்கியது. பெரம்பலூர் மாவட்டம் தெரணியிலும் சிவகங்கைப் பக்கமும் கிடைக்கும் இலைப் படிவங்கள் அந்தக் காலத்தவை. பூக்கும் செடிகள் பரவுமுன் இருந்த, ஈந்துப் பனையை ஒத்த இலைகள். நெல்லைக்காரர்களுக்கு அருகில் தரையில் தெரியும் டைனோசர் காலப் பாறை என்றால் இந்தச் சிவகங்கைப் பாறைதான். பிறகு பள்ளம் மேலும் தாழ, கடல் உள்ளே வந்தது. உலகம் அப்போது வெப்பமாக இருந்தது, துருவங்களில் பெரிய பனிப்படலம் இல்லை, கடல் மட்டம் எல்லா இடத்திலும் உயர்ந்திருந்தது. ஊட்டத்தூர், காரை வரை அலை அடித்தது.

காரை பார்க்க வேண்டிய இடம். மரம் இல்லாத, மழைநீர் அறுத்த களிமண் மேடுகள். அவற்றில் குறுக்கும் நெடுக்கும் ஓடும் ஜிப்சக் கீற்றுகள் வெயிலில் மின்னும். மழைக்குப் பிறகு களிமண் கரைந்து அம்மோனைட்டுகளும், பெலெம்னைட்டுகளும், சுறாப் பற்களும் வெளியே வரும். பெலெம்னைட் கணவாயின் உறவினம், அதன் உடலுக்குள் இருந்த கூர்முனைக் கல்தண்டுதான் இப்போது கிடைப்பது. அம்மோனைட்டும் கணவாய்க் குடும்பத்தைச் சேர்ந்தது, ஆனால் சுருண்ட ஓட்டுக்குள் வாழ்ந்தது. ஓட்டின் உள்ளே அறை அறையாகத் தடுப்பு; கடைசி அறையில் உயிர் குடியிருக்கும், மற்ற அறைகளில் காற்றும் நீரும் இருக்கும், அதைக் கூட்டிக் குறைத்து நீரில் மிதக்கும்.

அம்மோனைட்டை நீங்கள் ஏற்கெனவே பார்த்திருக்கக் கூடும். ஸ்ரீவைகுண்டம், ஆழ்வார்திருநகரி பக்கம் வைணவ வீடுகளில் பூசையில் இருக்கும் சாளக்கிராமக் கல்லில் சக்கரம் தெரிகிறதே, அதுதான். நேபாளத்தின் கண்டகி ஆற்றிலிருந்து வருகிற அந்தக் கற்களில் பல, இமயமலை எழுவதற்கு முன் அங்கிருந்த கடலில் 15 கோடி ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்த அம்மோனைட்டுகளைச் சுற்றிக் கெட்டிப்பட்ட கரிய உருண்டைகள். ஆக, நவதிருப்பதிக் கரையில் டைனோசர் காலத்துப் படிவம் இல்லை என்று சொல்லிவிட முடியாது. பூசை அறைக்குள் இருக்கிறது.

அந்த உருண்டை எப்படி உண்டாகிறது என்பதைத் தெரிந்துகொண்டால் ஒரு செய்தியை நம்பி ஏமாறாமல் இருக்கலாம். சேற்றில் புதைந்த அம்மோனைட்டின் உடல் அழுகும்போது சுற்றியுள்ள நீரின் ரசாயனம் மாறி, அதைச் சுற்றிச் சுண்ணாம்பு கெட்டிப்படும். வெங்காயம் போல அடுக்கடுக்காக வளரவும் செய்யும். 2020இல் பெரம்பலூர் மாவட்டம் குன்னத்தில் ஏரியைத் தூர்வாரியபோது பெரிய பெரிய உருண்டைக் கற்கள் வெளிவந்தன. டைனோசர் முட்டை என்று கைப்பேசி கைப்பேசியாகப் பரவி, கூட்டம் கூடிவிட்டது. வல்லுநர்கள் வந்து பார்த்து, இவை அம்மோனைட்டைச் சுற்றி உறைந்த உருண்டைகள் என்றார்கள். ஏமாற்றம்தான். ஆனால் அந்தப் பாறை கடலடியில் படிந்தது என்பது தெரிந்திருந்தால் சந்தேகம் முதலிலேயே வந்திருக்கும். டைனோசர் கடலுக்குள் முட்டையிடாது. கையில் இருக்கிற பொருளைவிட அது கிடந்த அடுக்கு அதிகம் பேசும்.

வயதையும் அடுக்குதான் சொல்கிறது. அம்மோனைட் இனங்கள் வேகமாக மாறின, வேகமாக உலகெங்கும் பரவின. ஓர் இனம் சில லட்சம் ஆண்டு வாழ்ந்து மறைந்தால், அது கிடைக்கும் அடுக்கு எந்த நாட்டில் இருந்தாலும் அந்தச் சில லட்சம் ஆண்டுக்குள்தான் படிந்திருக்கும். வேறு நாடுகளில் அதே அம்மோனைட் அடுக்குகளுக்கு நடுவே எரிமலைச் சாம்பல் படிந்திருக்கிறது. சாம்பலில் உள்ள சிர்க்கான் துகள்களில் யுரேனியம் ஈயமாக மாறியிருக்கும் அளவைப் பார்த்து ஆண்டுக்கணக்குப் போடுகிறார்கள். அந்தக் கணக்கு அம்மோனைட் வழியாக அரியலூருக்கு வந்து சேர்கிறது. கொற்கைச் சிப்பிக்கு இந்த வழி தேவையில்லை. அதில் கதிரியக்கக் கார்பன் இன்னும் மிச்சமிருக்கிறது, நேரடியாகவே அளக்கலாம். எலுமிச்சைச் சாறு விட்டுப் பார்க்கிறவர்கள் உண்டு. ஆறாயிரம் ஆண்டுச் சிப்பியும் பொங்கும், பத்துக் கோடி ஆண்டுச் சிப்பியும் பொங்கும், சுண்ணாம்பு சுண்ணாம்புதான். தளர்ந்த மண்ணில் தனியாகக் கிடக்கிறதா, பாறையோடு பாறையாக ஒட்டியிருக்கிறதா என்று பார்ப்பது அதைவிட உருப்படியான சோதனை.

இந்த அடுக்குகளை உலகம் அறிந்தது 1840களில். மதராஸ் அரசுப் பணியிலிருந்த கேயும் கன்லிஃபும் புதுச்சேரி, திருச்சி, விருத்தாசலம் பக்கம் பொறுக்கிய படிவங்கள் லண்டனுக்குப் போயின. 1846இல் எட்வர்ட் ஃபோர்ப்ஸ் அவற்றை விவரித்தார். இந்திய நிலவியல் ஆய்வு நிறுவனத்தின் பிளான்ஃபோர்ட் 1862இல் வெளியிட்ட அறிக்கையில் ஊட்டத்தூர், திருச்சிராப்பள்ளி, அரியலூர் என்று மூன்று தொகுதிகளாகப் பிரித்தார். அந்த ஊர்ப் பெயர்கள் இன்றுவரை உலக நிலவியல் நூல்களில் நிற்கின்றன. சேகரித்ததை இனம் இனமாகப் பிரித்துப் பெயரிட்டவர் மொராவியாவில் பிறந்த ஃபெர்டினான்ட் ஸ்டோலிஸ்கா. நான்கு பெரும் தொகுதிகள், ஏறத்தாழப் பத்தாண்டு உழைப்பு. 1874இல் யார்க்கண்ட் பயணத்திலிருந்து திரும்பும் வழியில் லடாக்கில் இறந்தார், வயது 36. லேயில் அவர் கல்லறை இருக்கிறது. அம்மோனைட் ஆராய்கிற யாரும் அவர் நூலைத் தவிர்க்க முடியாது. அரியலூரில் அவர் பெயரைச் சொன்னால் எத்தனை பேருக்குத் தெரியும் என்பது வேறு விஷயம்.

சாத்தனூர்க் கல்மரம் எல்லோருக்கும் தெரியும். 18 மீட்டர் நீள அடிமரம், 1940இல் எம். எஸ். கிருஷ்ணன் அதைப் பற்றி எழுதினார். பின்னாளில் இந்திய நிலவியல் ஆய்வு நிறுவனத்துக்குத் தலைவரான முதல் இந்தியர் அவர். கரையில் வளர்ந்த ஊசியிலை மரம் ஆற்றோடு வந்து ஆழமற்ற கடலில் மூழ்கி, மரத்தின் இடத்தைச் சிலிக்கா பிடித்துக்கொண்டது. பக்கத்திலேயே கருடமங்கலத்தில் சிப்பி நிறைந்த சுண்ணாம்புக்கல் கிடைக்கிறது. வெட்டி மெருகேற்றினால் சிப்பிகளின் குறுக்குவெட்டு வெள்ளை வெள்ளையாகத் தெரியும். வெள்ளைக்காரர் காலத்தில் திருச்சிராப்பள்ளி மார்பிள் என்ற பெயரில் அலங்காரக் கல்லாக விற்றது அதுதான்.

சரி, டைனோசர் எங்கே? அரியலூர்த் தொகுதியின் உச்சியில், கல்லமேட்டில். கடல் பின்வாங்கி, ஆறுகள் மணல் பரப்பிய காலத்து அடுக்கு அது. 1980களின் இறுதியில் நிலவியல் ஆய்வு நிறுவனத்தின் யாதகிரியும் அய்யாசாமியும் அங்கே கிடைத்த எலும்புகளுக்குப் புருகத்காயோசாரஸ் என்று பெயரிட்டார்கள். கால் எலும்பு ஒன்று மட்டும் இரண்டு மீட்டர் நீளம். முதலில் ஊன்தின்னி என்று வகைப்படுத்தினார்கள். பிறகு அது நீண்ட கழுத்துள்ள தாவர உண்ணிகளின் கூட்டத்தில் சேர்ந்தது. 2023இல் வந்த ஒரு கணக்கு அதன் எடையை 110 முதல் 170 டன் வரை போடுகிறது. அப்படியானால் நிலத்தில் நடந்த விலங்குகளிலேயே பெரியது அதுவாக இருக்கலாம். ‘இருக்கலாம்’ என்று நிறுத்திக்கொள்ளக் காரணம், எலும்புகள் இப்போது இல்லை. ஏற்கெனவே உளுத்துப் போயிருந்தவை, எடுத்த பிறகு சிதைந்துபோயின. கோட்டோவியங்களை மட்டும் வைத்து, அது எலும்பே இல்லை, கல்மரம் என்றுகூடச் சிலர் வாதாடினார்கள். 2022இல் பழைய புகைப்படங்கள் வெளியான பிறகுதான் அந்த வாதம் தளர்ந்தது. ஈரமும் வெயிலும் மாறி மாறித் தாக்கும் ஊரில், கண்ட இடத்திலேயே பிசின் பூசிச் சாந்துக் கவசம் போட வசதி இல்லாவிட்டால் இதுதான் நடக்கும். படிவம் கிடைப்பதைவிடக் கிடைத்ததைக் காப்பதில்தான் நம் பலவீனம் என்பது என் எண்ணம். அதே இருவர் 1979இல் பெயரிட்ட திராவிடோசாரஸுக்கும் வழக்கு உண்டு. முதுகில் தகடு கொண்ட டைனோசர் என்றார்கள் அவர்கள். கடல் ஊர்வனவின் எலும்பு என்றார்கள் 1996இல் வேறு இருவர். 2017இல் மீண்டும் டைனோசர்தான் என்று ஒரு கட்டுரை.

பெரிய எலும்பைவிட எனக்கு வியப்பூட்டுவது கல்லமேட்டின் சின்னப் பொருள்கள். மண்ணைச் சலித்து எடுத்த பற்களில், மடகாஸ்கரில் வாழ்ந்த ஒரு முதலையினத்தின் உறவினத்தின் பல் இருந்தது. சுமார் 9 கோடி ஆண்டுகளுக்கு முன்வரை மடகாஸ்கர் நம்மோடு ஒட்டியிருந்ததற்குப் பொருந்தும் சாட்சி அது. ட்ரூடான் வகைச் சிறு டைனோசரின் பல் ஒன்றும் 2013இல் வெளியாயிற்று. அந்த வகை அதுவரை வட கண்டங்களில்தான் தெரிந்திருந்தது. தீவாக மிதந்துகொண்டிருந்த இந்தியாவுக்கு அது எப்படி வந்தது என்று இன்னும் மண்டையை உடைத்துக்கொள்கிறார்கள்.

கல்லமேட்டுக்கு மேலே நின்னியூர் அடுக்கு. கடல் திரும்பி வந்துவிட்டது, சிப்பியும் சங்கினமும் இருக்கின்றன. அம்மோனைட் இல்லை, டைனோசரும் இல்லை. 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் அவற்றின் காலம் முடிந்தது, அதற்குப் பிந்தைய பாறை இது. அம்மோனைட்டின் தூரத்து உறவான நாட்டிலஸ் மட்டும் தப்பி இந்த அடுக்கில் சுருண்டு கிடக்கிறது.

நெல்லையிலிருந்து தேய்ந்துபோன பாறை எல்லாம் எங்கே போயிற்று என்பதற்கு விடை கிழக்கே இருக்கிறது. காவிரிப் படுகை அரியலூரோடு முடிவதில்லை. தெற்கே இறங்கி மன்னார் வளைகுடாவுக்கு அடியில் நீள்கிறது. முத்துக் குளித்த பார்களுக்கும் அப்பால், கடலடித் தரைக்குக் கீழே, டைனோசர் காலத்து மணற்பாறையும் களிப்பாறையும் தடிமனாகப் படிந்திருக்கின்றன. 2011இல் வளைகுடாவின் இலங்கைப் பகுதியில் எரிவாயு அகப்பட்டது அந்தக் காலத்து மணற்பாறையில்தான். ஆழ்கடலில் ஒரு கிணறு துளைக்கக் கோடிக்கணக்கில் செலவாகும். மேலே வருவதோ விரலளவுத் துணுக்குகளும் சில மீட்டர் பாறைத் தண்டும். அதே படுகையின் அடுக்குகள் காரையிலும் கருடமங்கலத்திலும் வெட்டவெளியில் கிடக்கின்றன. எண்ணெய் தேடும் நிறுவனங்களின் நிலவியலாளர்கள் சுத்தியலும் பையுமாகப் பெரம்பலூர்ப் பேருந்தில் வந்து இறங்குவது அதைப் பார்க்கத்தான்.